கொக்காவில் கோபுரமும் வன்னிச் சிறுவரும்: கல்வித் தொலைக்காட்சியின் விளி பற்றிய ஒரு நோக்கு

எமது கல்வி நிருவாகத்தின் சொற்களஞ்சியத்திலே ‘கஷ்டப் பிரதேசம்’, ‘அதிகஷ்டப் பிரதேசம்’ என்னும் தொடர்கள் நெடுங்காலமாக வழங்கி வருகின்றன. பாடசாலைகளைத் தரம் பிரிப்பதற்கும் ஆசிரியர் இடமாற்றங்களை ஒழுங்கு செய்வதற்கும் இவை பயன்படுகின்றன. வன்னிப் பெருநிலப்பரப்பின் பாடசாலைகள் பல இப்பட்டியலில் இடம்பெற்றவையே. இத்தொடரைச் சற்று நின்று வாசித்தால், கஷ்டம் யாருக்கு என்ற வினா எழும். முத்தையன்கட்டிலோ நெடுங்கேணியிலோ பிறந்து வளரும் பிள்ளைக்கு அது பிரதேசமுமன்று, கஷ்டமுமன்று, அது ஊர். யாழ்ப்பாணத்திலிருந்து நியமனம் பெற்று வந்து, இடமாற்றத்திற்கு விண்ணப்பித்து, வெள்ளிக்கிழமை மதியப் பேருந்தை எதிர்பார்த்து நிற்பவருக்கே அது கஷ்டப் பிரதேசம். அவரைக் குறை கூறுவது எமது நோக்கமன்று. அவரும் சம்பளத்திற்கு உழைப்பவரே. ஆயினும் ஒரு சமூகத்தின் பிள்ளைகள் வாழும் நிலத்துக்குப் பெயரிடும் உரிமை வந்து போபவரின் நோக்குநிலைக்கு உரியதாயிற்று என்பது மனங்கொள்ளத்தக்கது.

தொலைதூரக் கிராமச் சிறுவருக்கெனத் தொடக்க காலத்தில் உருவான கல்வித் தொலைக்காட்சியை இக்கட்டுரை இந்நோக்குநிலைப் பிரச்சினையின் தொடர்ச்சியாகக் காண முயல்கிறது. தொலைக்காட்சி பற்றிய பேச்சு இலக்கிய ஆய்வுக்குப் புறம்பானது என எண்ணுவோர் இன்றும் உளர். தமிழ்ச் சினிமாவைத் தமிழ்ச் சமூகத்தின் அரசியற் தொடர்பாடலாகக் கண்டு பேராசிரியர் கா. சிவத்தம்பி எழுதிய பின்னர் அவ்வாதத்துக்கு விரிவான மறுப்புத் தேவையில்லை. ஒளிபரப்பப்படும் பாடமும் ஒரு பனுவலே. அதற்கு ஒரு கூற்று உண்டு, கூற்றுக்கு உரியவர் உண்டு, கேட்போர் உண்டு. தமிழிலக்கண மரபு கேட்போரை அழைத்தலுக்கு எட்டாம் வேற்றுமை என ஓரிடம் தந்துள்ளது. தொல்காப்பியம் விளிமரபு என ஓர் இயலையே வகுத்து, அண்மையில் உள்ளாரை விளித்தலும் சேய்மையில் உள்ளாரை விளித்தலும் ஒலியளவில் வேறுபடும் எனக் காட்டுகிறது. சேய்மையில் நிற்பாரை அழைக்கும்போது குரல் நீள்கிறது. கல்வித் தொலைக்காட்சி தன்னைச் சேய்மை விளியாகவே அறிமுகஞ் செய்துகொண்டது. அது யாரை விளித்தது, எம்மொழியில் விளித்தது, விளிக்கப்பட்டவர் மறுமொழி கூற இயன்றதா என்பனவே எமது வினாக்கள்.

தென்னாசியாவில் இத்துறையின் மிகப் பெரிய தொடக்க முயற்சி இந்தியாவின் செய்மதிவழிக் கற்பித்தற் பரிசோதனையாகும். ‘சைற்’ என்னும் சுருக்கப் பெயரால் அறியப்படும் இது 1975 ஓகஸ்ட் 1 முதல் 1976 யூலை 31 வரை ஓராண்டு நடைபெற்றது. செய்மதி அமெரிக்காவின் நாசா நிறுவனத்துக்குரிய ஏ.ரி.எஸ்.-6, நிலத்திலுள்ள பணிகளும் நிகழ்ச்சிகளும் இந்திய விண்வெளி ஆய்வு நிறுவனத்துக்கும் அகில இந்திய வானொலியின் தொலைக்காட்சிப் பிரிவுக்கும் உரியன. ஆந்திரப் பிரதேசம், கர்நாடகம், ஒரிசா, பீகார், மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான் ஆகிய ஆறு மாநிலங்களில் ஏறத்தாழ 2,400 கிராமங்கள் தெரிவு செய்யப்பட்டன. கோழிக்கூட்டுக்குப் பயன்படும் கம்பி வலையாற் செய்த பத்தடி அகல அலைவாங்கியும் ஒரு தொலைக்காட்சிப் பெட்டியும் ஒவ்வோர் ஊருக்கும் சென்றன. பெட்டி ஊர்ப் பொதுவிடத்தில், பெரும்பாலும் பாடசாலையில், வைக்கப்பட்டது. நாளொன்றுக்கு நான்கு மணி நேர ஒளிபரப்பில் காலையின் ஒன்றரை மணி நேரம் ஐந்து முதல் பன்னிரண்டு வயது வரையான சிறுவருக்கு உரியது. ஹிந்தி, கன்னடம், ஒரியா, தெலுங்கு என்னும் நான்கு மொழிகள் அந்நேரத்தைப் பங்கிட்டுக் கொண்டன. ஒரு மொழிக்கு இருபத்திரண்டரை நிமிடம்.

இங்கு எம்மைத் தடுத்து நிறுத்தும் ஒரு செய்தி உண்டு. அவ்வாண்டில் இலங்கையிலே தொலைக்காட்சி நிலையமே இருக்கவில்லை. கொழும்பில் வாழ்ந்த ஆங்கில எழுத்தாளர் ஆதர் சி. கிளார்க், செய்மதித் தொடர்பாடலை 1945இலேயே எழுத்தில் முன்மொழிந்தவர் என்ற மதிப்பின் பேரில், இந்திய விண்வெளிப் பொறியியலாளர் அவரது இல்லத்தில் பெரிய அலைவாங்கியொன்றை நிறுவிக் கொடுத்தனர். நாட்டின் ஒரே தொலைக்காட்சிப் பெட்டி அப்போது அதுவே என்பர். ஆக, தென்னாசியக் கிராமச் சிறுவருக்கென ஆக்கப்பட்ட பாடங்களை இலங்கையிற் பெற்றுக்கொண்ட வீடு கொழும்பில், உலகப் புகழ் பெற்ற ஒருவரின் வீடாக அமைந்தது. கொழும்பு வரை வந்த அலை வன்னிக் காட்டின் மேலும் வீழ்ந்தே இருக்கும். வாங்குவதற்கு அலைவாங்கி இல்லை. இருந்திருப்பினும் அந்நான்கு மொழிகளுள் தமிழ் இல்லை.

தமிழ் இல்லாமை தற்செயலன்று. 1975 ஓகஸ்ட் 15இல், அதாவது செய்மதிப் பரிசோதனை தொடங்கி இரு வாரங்களில், சென்னைத் தொலைக்காட்சி நிலையம் தன் ஒளிபரப்பைத் தொடங்கியது. தமிழுக்குத் தொலைக்காட்சி நகரின் வழியாக வந்தது. தெலுங்குக்கும் கன்னடத்துக்கும் கிராமத்தின் வழியாக வந்தது. பின்னர் 1980களில் இன்சாற் செய்மதியின் வழியே பள்ளிச் சிறுவருக்கான ஒளிபரப்பு விரிவாக்கப்பட்டு, அதற்கென மாநிலக் கல்வித் தொழினுட்ப நிறுவனங்கள் ஆறு அமைக்கப்பட்ட போதும் ஆந்திரம், பீகார், குஜராத், மகாராஷ்டிரம், ஒரிசா, உத்தரப் பிரதேசம் ஆகியனவே இடம்பெற்றன. சென்னை நிலையத்தின் ‘கண்மணிப் பூங்கா’ தமிழ்ச் சிறுவருக்குரியதாயினும், அதன் பிள்ளை நிலையத்தின் கலையகத்துக்குப் பெற்றோரால் அழைத்து வரப்படக்கூடிய பிள்ளை. கிராமம் ‘வயலும் வாழ்வும்’ நிகழ்ச்சிக்குள் சென்றது. அங்கே விவசாயி உண்டு, விவசாயியின் பிள்ளை இல்லை. தமிழகத்தில் அரசு கல்விக்கெனத் தனி அலைவரிசை தொடங்கியது 2019 ஓகஸ்டிலேயே என்பதை நினைத்துப் பார்க்கையில், தமிழ் கூறும் நல்லுலகின் கிராமப் பிள்ளை எத்துணை காலம் விளிக்கப்படாது நின்றது என்பது புலனாகும்.

எனினும் விளிக்கப்பட்டோர் பெற்றது யாது என்பதையும் நோக்க வேண்டும். செய்மதிப் பாடங்கள் சிறுவரின் மொழித்திறனிலும் அறியும் ஆவலிலும் முன்னேற்றம் தந்தன என ஆய்வாளர் கண்டனர். பாடசாலைச் சேர்க்கையிலும் இடைவிலகலிலும் குறிப்பிடத்தக்க மாற்றம் காணப்படவில்லை. இது வியப்பன்று. ஆடு மேய்க்கச் செல்லும் பிள்ளை ஆடு மேய்க்கச் செல்வது பாடம் சுவையற்றது என்பதனாலன்று. அப்பிள்ளையின் உழைப்பின்றி அக்குடும்பம் உண்ண முடியாது என்பதனால். உற்பத்தி உறவுகளைத் தொடாத ஒளிபரப்பு அவ்வுறவுகளின் விளைவை நீக்கும் என எதிர்பார்த்தமையே பிழை. பிஜ் என்னும் குஜராத் சிற்றூரில் ஒரு சிறு நிலையத்தைக் கொண்டு அதே 1975இல் தொடங்கிய கேதா திட்டம் எமது கவனத்தை மேலும் ஈர்க்கிறது. அங்கே அம்மாவட்டத்துப் பேச்சு வழக்கிலேயே நாடகங்கள் ஆக்கப்பட்டன. தீண்டாமையும் கூலியும் குடியும் அவற்றின் பொருளாயின. ஊரவர் எழுதினர்; ஊரவர் நடித்தனர். 1984இல் கிராமியத் தொடர்பாடலுக்கான யுனெஸ்கோ பரிசு அதற்குக் கிடைத்தது. பரிசு கிடைத்த பின் அது நெடுங்காலம் நிலைக்கவில்லை. நிலமுடையோரின் ஒழுக்கத்தை நிலமற்றோர் பேசிக் காட்டும் ஊடகம் எவ்வரசுக்கும் நெடுநாள் உவப்பாக இராது என்பது எமது கருத்து. தொழினுட்பக் காரணங்கள் எப்போதும் கைவசம் இருக்கும். வேறொரு முனையில், அமெரிக்க சமோவாத் தீவுகளில் 1964இல் தொடங்கிய பள்ளித் தொலைக்காட்சி தீவுச் சிறுவருக்கு அமெரிக்க ஆசிரியரின் ஆங்கிலக் குரலை நாள்தோறும் அனுப்பியது. அதைப் பற்றி அதிகம் கூற வேண்டியதில்லை. குடியேற்றக் கல்வி மிஷனரியின் கையிலிருந்து மின்குழாய்க்கு மாறியது, அவ்வளவே.

இனி எமது மண்ணுக்கு வருவோம். சுயாதீனத் தொலைக்காட்சி 1979 ஏப்ரலில் கொழும்பைச் சூழ்ந்த சிறு வட்டத்துக்குள் ஒளிபரப்பைத் தொடங்கி, சில வாரங்களில் அரசின் கைக்குச் சென்றது. யப்பானிய உதவியுடன் அமைந்த ரூபவாஹினி 1982 பெப்ரவரி 15இல் தொடங்கியது. அதன் அலைகளை நாடு முழுதும் கொண்டு செல்ல அமைக்கப்பட்ட கோபுரங்களில் ஒன்று வன்னியில், மாங்குளத்துக்கும் முறிகண்டிக்கும் இடையே, கண்டி வீதியோரத்துக் கொக்காவிலில் எழுந்தது. கொக்காவிலைத் தெரிந்தமைக்குக் காரணம் அங்கு வாழ்ந்த மக்களல்லர் என்பது வெளிப்படை. வடபுலம் முழுதையும், குறிப்பாகச் சனச்செறிவு மிக்க யாழ்ப்பாணக் குடாநாட்டையும், எட்டுவதற்கு அது வாய்ப்பான இடம். வன்னியை வீதியாகவே அறிந்த பயணிக்கு முறிகண்டிப் பிள்ளையாரும் கச்சானும் எப்படியோ, அலைகளுக்குக் கொக்காவில் அப்படி: தங்கிச் செல்லும் இடம், சென்று சேரும் இடமன்று.

கோபுரம் நின்ற காட்டைச் சூழ்ந்த கிராமங்களிற் பெரும்பாலானவற்றுக்கு அக்காலத்தில் மின்சாரம் இல்லை. போத்தில் விளக்கின் ஒளியில் வீட்டுப்பாடம் எழுதிய பிள்ளைகளின் தலைக்கு மேலே யாழ்ப்பாண நகரத்து வரவேற்பறைகளுக்கான படங்கள் சென்றுகொண்டிருந்தன. இந்தியப் பரிசோதனை மின்சாரமற்ற ஊருக்கு மின்கலத்தோடு பெட்டியை அனுப்ப வேண்டும் என்றாவது சிந்தித்தது. இலங்கையின் திட்டம் பெட்டியைத் தனியார் கொள்வனவுக்கு விட்டது. கோபுரம் அரசின் பொறுப்பு, பெட்டி தந்தையின் பொறுப்பு என்னும் இப்பாகுபாடு 1977க்குப் பின் வந்த திறந்த பொருளாதாரத்தின் தர்க்கத்தை அச்சொட்டாகப் பின்பற்றுவது. பெட்டி வாங்க இயலாத தந்தையின் பிள்ளை விளிக்குள் அடங்காது. சனசமூக நிலையங்கள் வன்னியில் இருந்தன. பத்திரிகை வாசிக்கப் பழகிய அந்நிறுவனத்தைப் பொதுப் பார்வைக்குரிய இடமாக்கும் தேசியக் கொள்கையொன்று எழவில்லை.

ஆகவே வன்னிச் சிறுவர் பலருக்குத் தொலைக்காட்சி முதலில் வந்தது வாடகை வண்டியில். கோயிற் திருவிழாவை ஒட்டியோ கலியாண வீட்டிலோ பெட்டியும் ‘டெக்’கும் ஜெனரேற்றரும் வாடகைக்கு வரும்; முற்றத்தில் பாய் விரித்து ஊரே அமரும்; விடியும் வரை மூன்று தமிழகப் படங்கள் ஓடும். இதனை இழிவாகப் பேசுவது எமது விமரிசகரிடையே வழக்கம். நாமும் ஒருகால் அப்படியே எழுதினோம். இப்போது அத்துணை உறுதியாகக் கூற எம்மால் இயலவில்லை. படங்களின் கருத்தியல் பிற்போக்கானதே. ஆனால் பார்க்கும் முறையிலே ஒரு கூட்டுத்தன்மை இருந்தது. மண்ணெண்ணெய்ச் செலவை ஊர் பகிர்ந்தது. பெரியோரும் சிறுவரும் திரையோடு வாய்விட்டுப் பேசினர். சைற் திட்டம் விரும்பிய சமூகப் பார்வை அரசுத் திட்டமின்றி இங்கே தானாக நிகழ்ந்தது, கல்வி மட்டும் அதில் இல்லை. முல்லைத்தீவுப் பகுதியின் கோவலன் கூத்தை விடிய விடிய இருந்து பார்த்த சமூகத்துக்கு இவ்விருப்பு புதிதுமன்று. வானொலியைப் பகிர்ந்தளிக்கும் கருவியிலிருந்து உரையாடும் கருவியாக மாற்ற வேண்டுமென 1932இல் பிறெக்ற் கோரினார். அம்மாற்றத்துக்குரிய பார்வையாளர் இங்கே பாயில் அமர்ந்திருந்தனர்.

விளியின் மொழிக்கு வருவோம். இலங்கை வானொலியின் ‘சிறுவர் மலர்’ பிள்ளைகளை ‘வானொலி மாமா’வின் குரலால் அழைத்தது. மாமா என்ற உறவுச்சொல் கலையகத்துக்கும் குடிசைக்கும் இடையே ஒரு கற்பனை முற்றத்தை உண்டாக்கியது. அதில் நடுத்தர வகுப்பு மணம் இருந்தது எனினும், சேய்மையை அண்மையாக்கும் முயற்சி அது. வானொலிப் பெட்டியும் மின்கலமும் ஏழைக்கு எட்டியவை. தொலைக்காட்சிப் பாடமோ ‘மாணவர்களே’ என்று அழைத்தது. மாணவர் என்பது உறவன்று, நிருவாக வகை. வகுப்பில் நின்று கற்பிக்கும் ஆசிரியர் கூடப் ‘பிள்ளையள்’ என்றே அழைப்பார். ரூபவாஹினியிலே சிறுவர் உள்ளத்தை அறிந்து இயங்கியவர் இல்லாமலில்லை. டைட்டஸ் தொட்டவத்த வெளிநாட்டுச் சித்திரப் படங்களை வெறுமனே மொழிபெயர்க்காது சிங்களக் கிராமத்துப் பேச்சும் நகைச்சுவையும் பெய்து புத்தாக்கம் செய்தார். ஒரு தலைமுறைச் சிங்களச் சிறுவர் அவற்றைத் தம்முடையனவாகவே கொண்டனர். இதனை நாம் மனமுவந்து பாராட்டுகிறோம். தமிழில் அதற்கு ஒப்பான முயற்சி வேரூன்றவில்லை. தமிழ் நிகழ்ச்சிகளுக்குக் கிடைத்த குறுகிய நேரம் ஒரு காரணம். மற்றைய காரணம் நம்மிடமே உண்டு.

அது தமிழுக்குள் நிலவும் மேலாண்மை. சிறுவர்க்கு உகந்த தமிழ் எது என்ற வினாவுக்கு எமது பாடநூல்களும் ஒலிபரப்பும் விடையளித்த விதம், யாழ்ப்பாணத்துப் படித்த வீட்டின் தமிழைப் பொதுத் தமிழாகக் கொள்வதாகவே இருந்தது. நவாலியூர் சோமசுந்தரப் புலவரின் சிறுவர் பாடல்கள் அருமையானவை. அவை யாழ்ப்பாண முற்றத்தில் நிற்பவை. அம்முற்றமே எல்லாத் தமிழ்ப் பிள்ளைகளுக்கும் முற்றமாயிற்று. வன்னிப் பிள்ளை குளத்தையும் வாய்க்காலையும் அறியும். காவற் கொட்டிலில் இரவு விழித்திருந்து பன்றி கலைப்பதை அறியும். கதிர் முற்றும் காலத்தில் குருவி துரத்துவதைத் தன் கடமையாகவே அறியும். வன்னியின் வாய்மொழி மரபில் பன்றிப் பள்ளும் குருவிப் பள்ளும் வழங்கியமை இவ்வுழைப்பின் இலக்கியப் பேறு. விஞ்ஞானப் பாடத்தில் பறவை வரும். அது படத்திலுள்ள பறவை. விளைந்த வயலில் இறங்கும் பறவையை ஆறு வயதிலேயே இனம் பிரித்தறியும் பிள்ளை அப்பாடத்தில் அறியாப் பிள்ளையாக வைக்கப்படுகிறது. 1958இலும் 1977இலும் வன்செயலுக்குத் தப்பி மலையகத்திலிருந்து வந்து குடியேறிய தொழிலாளர் குடும்பங்களின் பிள்ளைகள் இன்னும் ஒருபடி தள்ளி நின்றனர். அவர்தம் பேச்சு வகுப்பறையிலே நகைப்புக்குரியதாயிற்று. ஒளிபரப்பிலே அது வேலைக்காரப் பாத்திரத்தின் பேச்சாயிற்று.

எமது புனைகதை இவ்விடத்தில் ஒளிபரப்பை விட முன்னே சென்றது. அ. பாலமனோகரனின் ‘நிலக்கிளி’ 1973இல் தண்ணிமுறிப்பைக் களமாகக் கொண்டு வெளிவந்தது. அக்காட்டுக் கிராமத்துக்கு வெளியிலிருந்து ஆசிரியர் வருதலும் அதனால் உண்டாகும் அதிர்வும் அந்நாவலின் உட்பொருளில் ஒன்று. பதஞ்சலியின் உலகம் அறிவில்லா உலகமன்று என்பதை நாவலாசிரியர் வாதிக்கவில்லை, காட்டுகிறார். பரந்தனிலிருந்து எழுதிய தாமரைச்செல்வியின் கதைகளிலும் பிள்ளைகள் உழைப்போராகவே வருகின்றனர். கல்வித் தொலைக்காட்சிக்கு எழுதுவோர் இவற்றை வாசித்திருப்பின் பாடத்தின் தொடக்க வாக்கியமே மாறியிருக்கும்.

கோபுரம் எழுந்த அதே ஆண்டுகளில் அதே நிலத்தில் வேறொரு கல்வி முயற்சியும் நடந்தது. 1970களின் பிற்பகுதியில் தோன்றிய காந்தியம் இயக்கம் வவுனியாவை மையமாகக் கொண்டு, ஏதிலிகளாய் வந்த மலையக மக்களைக் குடியமர்த்தியதோடு பாலர் பாடசாலைகளையும் நடத்தியது. ஊர் இளம்பெண்களே பயிற்சி பெற்று ஆசிரியைகளாயினர். அவ்வியக்கத்தின் கருத்தியலோடு எமக்கு உடன்பாடில்லாத இடங்கள் பல. ஆயின் விளி என்னும் அளவுகோலால் அளந்தால் அது அண்மை விளி. அழைப்பவரும் அழைக்கப்படுபவரும் ஒரே கிணற்றில் நீர் அள்ளினர். 1983 ஏப்ரலில் அதன் அமைப்பாளர்கள் கைதாயினர். அவர்களுள் மருத்துவர் இராஜசுந்தரம் அவ்வாண்டு யூலையில் வெலிக்கடைச் சிறையிற் கொல்லப்பட்டார். கோபுரத்துக்கோ காவல் போடப்பட்டது. கொக்காவில் படைமுகாமாயிற்று, 1990 யூலையில் முகாம் வீழ்ந்தது, கோபுரமும் அழிந்தது. வன்னிப் பிள்ளைக்கு அது கல்வியின் சின்னமாக ஒருநாளும் தோன்றியிருக்க முடியாது.

அதன் பின்னரான ஆண்டுகளில் மின்சாரமும் மின்கலமும் தடைப்பட்ட வன்னியிலே, சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி டைனமோவைச் சுழற்றி வானொலி கேட்டனர். சுற்றும் வேலை பெரும்பாலும் சிறுவருடையது. தொழினுட்பத்தின் உற்பத்திச் சக்தியாகப் பிள்ளையே அமைந்த இக்காட்சியை எந்தக் கல்வித் தொழினுட்ப நூலும் எதிர்பார்க்கவில்லை. 2005இல் வன்னியிலிருந்து செய்மதிவழித் தமிழ்த் தொலைக்காட்சியொன்று எழுந்தபோது அதன் முதன்மைப் பார்வையாளர் புலம்பெயர்ந்தோர். வன்னிச் சிறுவர் அங்கே பார்ப்போராக அன்றிப் படமாக இடம்பெற்றனர். 2009இல் இந்நிலை அதன் கொடிய எல்லையை அடைந்தது. முள்ளிவாய்க்காலிலும் பின்னர் செட்டிகுளத்து மனிக் பாம் முகாம்களின் முட்கம்பிக்குப் பின்னும் நின்ற பிள்ளைகளின் முகங்களை உலகத் தொலைக்காட்சிகள் காட்டின. ஒரு நூற்றாண்டின் கால்வாசிக்கு மேலாக எந்த ஒளிபரப்பும் தன் கேட்போராகக் கருதாத பிள்ளை, எல்லா ஒளிபரப்புக்கும் ஒரே சமயத்தில் காட்சிப் பொருளாயிற்று. காட்டியவர்களுட் சிலரின் நோக்கம் மேலானது என்பதை நாம் மறுக்கவில்லை. படர்க்கையில் வைத்துப் பேசப்பட்ட பிள்ளை முன்னிலைக்கு வரவில்லை என்பதே எமது குறிப்பு.

2011 யூன் 6இல் கொக்காவிலில் 174 மீற்றர் உயரமான புதிய கோபுரம் திறந்து வைக்கப்பட்டது. போருக்குப் பின் மின்சாரமும் கிராமங்களுக்கு வந்தது. 2020இல் நோய்த்தொற்றினால் பாடசாலைகள் மூடப்பட்டபோது தேசிய ஒளிபரப்பின் நேத்ரா அலைவரிசை தமிழில் பாடங்களை ஒளிபரப்பியது. எண்பதுகளில் இல்லாத பெட்டி இப்போது பல வீடுகளில் இருந்தது. ஆசிரியர்கள் குறுகிய காலத்தில் அரும்பாடுபட்டனர் என்பதை முதலிற் கூற வேண்டும். ஆயினும் அப்பாடங்கள் பரீட்சையை மையமாகக் கொண்டன: கரும்பலகை, வினா, புள்ளித்திட்டம். வினாத்தாளே பாடத்தின் ஆசிரியராக இருக்கும்போது, பிள்ளை எவ்வூரில் இருக்கிறது என்பது பொருட்டன்று.

ஊடகம் நடுநிலையானது, அதில் எதையும் ஏற்றலாம் என வாதிப்போர் எமது அணியிலும் உளர். றேமண்ட் வில்லியம்ஸ் 1974இல் தொலைக்காட்சி பற்றி எழுதிய நூல் இதற்கு நல்ல மறுப்பு: ஒரு தொழினுட்பம் எந்தச் சமூகத் தேவையை நோக்கி வளர்க்கப்பட்டதோ, அத்தேவையின் உருவம் அதிற் படிந்திருக்கும். கொக்காவில் இதற்கு எமது சான்று. ஆயினும் கேதாவின் சான்றும் உண்டு. உருவம் மாற்றப்படக் கூடியது. அதற்கு வன்னியிலே முதலில் வேண்டுவது கோபுரமன்று. பெரியதொரு கலையகமுமன்று. பன்றி கலைக்கும் பிள்ளையிடம் சென்று, அது எப்படிக் கலைக்கிறது என்று கேட்டு, அது சொல்லும் தமிழிலேயே எழுதிக்கொண்டு வரக்கூடிய ஒருவர் வேண்டும். எமது தமிழ்ச் சங்கங்களின் நாட்டார் வழக்காற்றுச் சேகரிப்புகளில் முதியோரின் பாடல்கள் நிறைய உள்ளன; பத்து வயதுப் பிள்ளையின் கூற்று ஒன்றேனும் உளதா என நாம் தேடினோம். எமது கைக்கெட்டியவற்றில் இல்லை.